புகைவீட்டில் காய்ந்த கல்யாணம்

நான் கட்டியவற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். என்னைத் தவிர அதைச் சொல்ல இப்போது ஆள் இல்லை.

பிரிக்பீல்ட்ஸில் சினிமா பிலிம் கழுவ முதன்முதலில் தொட்டி வைத்தவன் நான். சீனத் தவுக்கே, அதாவது முதலாளி, ஒருவர் சோயாச் சாறு ஊறவைத்துக் கழித்துப் போட்ட மூன்று தாழிகளைக் கேட்டு வாங்கி, உள்ளே மெழுகு பூசி, அதில்தான் கழுவினேன். மாட்டுவண்டிச் சக்கரம் இரண்டை நிறுத்தி, நடுவில் மூங்கில் சட்டம் அடித்து, பிலிமைச் சுற்றிக் காயவைக்கிற உருளை செய்தவனும் நான்தான். பாய்மரத் துணியை ஒட்டுப்போட்டுத் திரை தைத்தேன். லோரியின் முதுகில் டைனமோவை ஏற்றி, விளக்கு என்றால் மண்ணெண்ணெய் என்று நினைத்திருந்த தோட்டங்களில் பல்பு எரியவைத்தேன். படிப்பு? தோட்டப் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு. அதிலும் பாதிதான். (மீதிப் பாதியில் வாத்தியாருக்கு மலேரியா.) ஆங்கிலத்தில் எனக்குத் தெரிந்த எழுத்தெல்லாம் பிலிம் டப்பா மேலே இருந்த எழுத்துகள் மட்டுமே.

இப்படிப்பட்டவன் ஒரு கல்யாணத்தையே அவித்துவிட்டேன் என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள். ஆனாலும் நடந்தது. எனக்கு அப்போது இருபத்து நான்கு வயது. அறிவு நாற்பது வயதுக்குரியது என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

முப்பதுகளின் நடுவில், கிள்ளானுக்கு வெளியே ஒரு ரப்பர் தோட்டத்தில் புகைவீட்டு ஆளாக இருந்தேன். பால் உறையவைத்துத் தகடாக உருட்டிய ரப்பரை மூங்கிலில் தொங்கவிட்டு, கீழே விறகைப் புகையவிட்டுக் காயவைக்கிற கொட்டகைதான் புகைவீடு. கண்ணும் மூக்கும் எப்போதும் எரியும். ஒருநாள் தோட்டத்துக்குச் சினிமா காட்ட வந்த செல்லத்துரை மாஸ்டரைப் பார்த்தேன். யாழ்ப்பாணத்துக்காரர். பிரிக்பீல்ட்ஸில் போட்டோ ஸ்டூடியோ வைத்திருந்தார். சுவரில் மனிதர்களை நடக்கவைத்த அந்த மனிதரின் பின்னாலேயே கிளம்பிவிட்டேன். போகும்போது தோட்டத்தில் பத்துப் பேர் நடுவில் நின்று, "இனி இந்தப் புகைவீட்டுப் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டேன். நான் சினிமாக்காரன்" என்று அறிவித்துவிட்டுத்தான் போனேன். (கை தட்டுவார்கள் என்று நின்று பார்த்தேன். யாரும் தட்டவில்லை.)

மாஸ்டர் என்னைச் சோதனைக்குத்தான் சேர்த்திருந்தார். வேலை பிடித்தால் வைத்துக்கொள்வார், இல்லாவிட்டால் ரயிலேற்றிவிடுவார். முதல் நாளே எனக்கு ஒரு பாடம் நடத்தினார்.

"இஞ்ச பாரும் பெருமாள். இந்தப் பிலிம் இருக்கெல்லோ, இது வெடிமருந்துக்கு ஒண்டுவிட்ட தம்பி. இதுக்குக் கிட்ட நெருப்புக்குச்சி வரப்படாது, பீடி வரப்படாது, சுருட்டும் வரப்படாது. விளங்குதோ?"

"விளங்குது மாஸ்டர்."

"என்ன விளங்குது, சொல்லும் பாப்பம்."

"குச்சி, பீடி, சுருட்டு."

மூன்றையும் மனப்பாடம் செய்துகொண்டேன். அந்த வரிசையில் புகைவீடு இல்லை என்பதை நீங்களும் கவனித்திருப்பீர்கள்.

ஆறு மாதம் போனது. கிள்ளானில் கண்ட்ராக்டர் அண்ணாமலை என்று ஒருவர் இருந்தார். ரோடு போடுகிறவர். லோரிகள், ரப்பர் ஸ்டோர், மோதிரம் எல்லாம் உண்டு. அவர் மகள் தனபாக்கியத்துக்கும், சிரம்பானில் ரயில்வே கிளார்க்காக இருந்த நடராஜனுக்கும் கல்யாணம். கண்ட்ராக்டர் ஸ்டூடியோவுக்கே வந்துவிட்டார்.

"மாஸ்டர், என் பொண்ணு கல்யாணம் படத்துல ஓடணும். போட்டோ வேணாம், போட்டோ எல்லாரும் எடுக்கிறான். மறுவீட்டு விருந்துக்குச் சிரம்பான் சம்பந்தி வராங்க பாருங்க, ஞாயித்துக்கிழமை, அன்னைக்கு அவங்க கண்ணு முன்னாலேயே ஓட்டிக் காட்டணும். படம் மட்டும் நல்லா வந்துடுச்சு, நானே ஒரு சினிமாக் கம்பெனி போட்டுடுறேன்லா. நீங்கதான் டைரக்டர்."

மாஸ்டர் என்னைத் திரும்பிப் பார்த்தார். "கம்பெனி வந்தா நீர்தான் என்ர டெக்னீசியன். வராட்டி, ரெண்டு பேருக்கு இங்க வேலை இல்லை, காணும்."

டெக்னீசியன்! அந்தச் சொல்லை அன்று முழுவதும் வாயில் போட்டுக் குதப்பிக்கொண்டிருந்தேன். படம் நன்றாக வந்தால் டெக்னீசியன், கெட்டால் புகைவீடு. என் வாழ்க்கை அந்த ஒரு வாரத்தில் அடங்கியிருந்தது.

திங்கட்கிழமை கல்யாணம். மாஸ்டர் கேமராவின் கைப்பிடியைச் சுற்றினார். நான் தகரப் பலகை பிடித்து வெயிலை மணமக்கள் முகத்தில் அடித்தேன். (மாப்பிள்ளை தாலி கட்டும்போது கண் கலங்கியது பாசத்தால் என்று ஊர் சொன்னது. என் தகரத்தால் என்பது எனக்கு மட்டும் தெரியும்.) பிரிக்பீல்ட்ஸுக்குத் திரும்பி, நெகட்டிவைக் கழுவி, அதிலிருந்து ஓட்டிக் காட்டுவதற்கான பிரதியையும் போட்டு முடித்தபோது வியாழக்கிழமை ஆகிவிட்டது. பிரதிக்கு இருந்த பிலிம் அவ்வளவுதான். மறுபடி வேண்டுமென்றால் சிங்கப்பூரிலிருந்து வர வேண்டும். வெள்ளிக்கிழமை காலை மாஸ்டர் படம் காட்டும் மிஷினைத் தூக்கிக்கொண்டு கிள்ளானுக்குக் கிளம்பினார்.

"நான் போய்த் திரையைக் கட்டுறன். நீர் பிரதியை வடிவாக் காயவைச்சு ஞாயிறு பகல் கொண்டு வாரும். வேற ஒண்டும் செய்ய வேண்டாம். காயவைக்கிறது மட்டும்தான், சரியோ?"

அவர் போனதும் மழை பிடித்தது.

சும்மா மழை இல்லை. கூரைமேல் லோரி லோரியாகக் கல் கொட்டுவது போன்ற மழை. என் மாட்டுவண்டிச் சக்கர உருளையைக் காலையிலிருந்து சாயங்காலம் வரை சுற்றினேன். எனக்குத் தோள்பட்டை காய்ந்ததே தவிர, பிலிம் காயவில்லை. தொட்டால் அல்வா. பிலிமின் மேல்பூச்சு எலும்பில் காய்ச்சிய ஒருவகைப் பசை. அது எனக்குத் தெரியாவிட்டாலும் எறும்புகளுக்குத் தெரிந்திருந்தது. சுவர் ஓரமாக வரிசை கட்டி வந்துவிட்டன. மணமகளின் தலைப்பூவிலிருந்து ஆரம்பிக்கிற உத்தேசம்போல் இருந்தது.

இந்த இடத்தில் சாதாரண ஆள் என்றால் கையைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருப்பான். நான் யோசித்தேன். எப்பேர்ப்பட்ட மழையிலும் ஈரத் தகட்டைக் காயவைக்கத் தெரிந்தவன் இந்த ஊரில் யார்? நான். அதற்கு இடம் எது? திரும்பிக்கூடப் பார்க்க மாட்டேன் என்று சொன்ன அதே இடம்தான். அது கிள்ளான் போகிற வழியிலேயே இருக்கிறது!

சனிக்கிழமை முதல் ரயில். பிலிமை மண்ணெண்ணெய்த் தகரத்துக்குள் ஐஸ் தண்ணீரில் மூழ்கவைத்து, ஈரச் சாக்கால் மூடி மடியில் வைத்துக்கொண்டேன். டிக்கெட் பார்க்க வந்தவர் தகரத்தைக் காலால் தட்டினார்.

"என்ன அண்ணே, மீனா?"

"ஆமாங்க. விலாங்கு."

"உயிரோடவா?"

"இன்னும் ஓடல. நாளைக்குத்தான் ஓடும்."

அவர் என்னை ஒருமாதிரிப் பார்த்துவிட்டு அடுத்த பெட்டிக்குப் போய்விட்டார்.

புகைவீட்டில் என் இடத்தையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டிருந்தவன் காத்தமுத்து. என் கூட்டாளி. தகரத்திலிருந்து நான் பிலிமை உருவ உருவ, அவன் இடுப்பில் கைவைத்து நின்று பார்த்தான்.

"என்னடா மச்சான் இது, பாம்புச் சட்டையா?"

"இதுக்குள்ள மனுசங்க இருக்காங்கடா."

"எத்தனை பேரு?"

"ஒரு கல்யாணமே இருக்கு."

"அப்ப எனக்குப் பாக்கு வெத்தலை ஏன் வரல?" என்றான். பிறகு, "உன் வேலைக்கு இன்னும் ஆள் எடுக்கலடா. மேஸ்திரி தண்டல் நேத்துக்கூடக் கேட்டாரு, அந்த சினிமாக்காரன் எப்ப திரும்பி வரான்னு. திரும்பி வருவானான்னு கேக்கல. எப்பன்னுதான் கேட்டாரு."

"நாளைக்கு இதே நேரம் நான் டெக்னீசியன். மேலே தொங்கவிடு."

ரப்பர் தகடுகளுக்கு நடுவே, உயர மூங்கில்களில், தனபாக்கியமும் நடராஜனும் வளைந்து வளைந்து தொங்கினார்கள். மாஸ்டர் சொன்னதை நான் மறக்கவில்லை. வாசலிலேயே காத்தமுத்துவின் பீடியைப் பிடுங்கி எறிந்தேன். நெருப்புப் பெட்டியையும் வெளியே வைக்கச் சொன்னேன். "கவனமா இருக்கணும்டா, இது வெடிமருந்துக்குச் சொந்தம்" என்று அவனுக்கே பாடம் நடத்தினேன். பிறகு இருவரும் உள்ளே போய், குழியில் விறகை ஏற்றினோம்.

(சிரிக்காதீர்கள். கொழுந்து விட்டு எரியவில்லை. கங்குதான். அந்த வயதில் எனக்குக் கங்கு வேறு, நெருப்பு வேறு.)

மதியத்துக்குள் பிலிம் காய்ந்து சடசடவென்று ஆகிவிட்டது. அத்தோடு எடுத்திருந்தால் இந்தக் கட்டுரையே இருந்திருக்காது. ஆனால் நான் தொழில் தெரிந்தவன் ஆயிற்றே! ரப்பர் தகடு காய்ந்துவிட்டதா என்று எப்படிப் பார்ப்போம்? வெளிச்சத்தில் தூக்கிப் பிடிப்போம். காயாத தகடு வெள்ளையாக இருக்கும். காய்ந்தது தேன் நிறமாகத் தெரியும். எங்கேயாவது வெள்ளைத் திட்டு இருந்தால் அந்த இடம் இன்னும் ஈரம். மறுபடி உள்ளே தள்ள வேண்டும். வெள்ளைத் திட்டோடு தகட்டை அனுப்பியவன் என்று என்னை ஒரு துரையும் சொன்னதில்லை.

பிலிமைத் தூக்கிப் பிடித்தேன். கட்டத்துக்குக் கட்டம் வெள்ளைத் திட்டு!

"இன்னும் காயலடா மச்சான்" என்றேன்.

காத்தமுத்துவும் ஒரு கண்ணை மூடிப் பார்த்தான். "ஆமாடா. நிறைய ஈரம் இருக்கு. நடுவுல ஒரு பெரிய திட்டு, நடக்குற மாதிரி இருக்கு."

நடந்த திட்டு மாப்பிள்ளையின் வேட்டி. பக்கத்திலிருந்த சின்னத் திட்டு பெண்ணின் மல்லிகைப்பூ. தொழில் தெரிந்த இரண்டு பேர் ஒன்றாகச் சேர்ந்து பார்த்தும் அது எங்களுக்குப் புரியவில்லை. இன்னும் இரண்டு கட்டை போட்டோம். மறுநாள் காலையில் எடுத்துப் பார்த்தேன். கல்யாணத்தில் ஒரு துளி வெள்ளை இல்லை. எல்லாம் அருமையான தேன் நிறம். முதல் தரம். விரலால் தடவியபோது மேல்பக்கம் மாட்டுத் தோல்போல் சொரசொரவென்று இருந்தது. மிஷினில் வழுக்காமல் ஓடும் என்று அதற்கும் சந்தோஷப்பட்டேன்.

பகலில் கண்ட்ராக்டரின் ரப்பர் ஸ்டோருக்குள் ஓடியபோது கூட்டம் உட்கார்ந்துவிட்டது. ஜன்னல்களில் கோணிச்சாக்கு அடித்து உள்ளே இருட்டாக்கியிருந்தார்கள். முன்வரிசையில் சிரம்பான் சம்பந்தியம்மா, மாப்பிள்ளையின் தாய். கணவனை இளவயதில் இழந்தவர். தனியாளாக மகனை வளர்த்தவர் என்று சொன்னார்கள். விருந்தில்கூட யாரோடும் சிரித்துப் பேசவில்லையாம். கண்ட்ராக்டருக்கு அந்தக் கவலை வேறு. மாஸ்டர் பிலிமை வாங்கிப் பரபரவென்று மாட்டும்போதே மூக்கை உறிஞ்சினார்.

"என்ன காணும், புகை மணக்குது?"

"ரயில் புகை மாஸ்டர்."

மிஷின் ஓடியது. திரையில் பந்தல் தெரிந்தது. வாழை மரம் தெரிந்தது. இலையெல்லாம் நரம்பு நரம்பாக, நூறு வயதான வாழை. நாதஸ்வரக்காரர் வந்தார். ஊதும்போது உப்ப வேண்டிய கன்னம், உப்பியும் ஆயிரம் மடிப்பு. பிறகு மாப்பிள்ளை வந்தார். நெற்றியில் கோடு, கன்னத்தில் கோடு, கழுத்தில் கோடு. இருபத்தைந்து வயதுப் பிள்ளை எண்பது வயதுக் கிழவராகக் கைகூப்பினார். வெள்ளை வேட்டி காவியாக இருந்தது. பக்கத்தில் தனபாக்கியம் தலை குனிந்து, தோல் சுருங்கி, கொள்ளுப்பேத்தி எடுத்த அழகோடு வெட்கப்பட்டாள்.

ஈரமாக இருந்த மேல்பூச்சு சூட்டில் இளகி, அப்படியே சுருங்கி இறுகியிருக்கிறது. இதை நான் பின்னால் தெரிந்துகொண்டேன். அந்த நேரத்தில் எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். வெளியே போகிற கதவு எந்தப் பக்கம் என்பது.

மிஷின் மட்டும் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது. உயிருள்ள தனபாக்கியம் முந்தானையை வாயில் வைத்து விசும்பினாள். கண்ட்ராக்டர் எழுந்தார்.

"நிறுத்துயா! என் மாப்பிள்ளைய சாமியாராக்கி வச்சிருக்கே! இது என் பொண்ணா? எவன்யா இதச் செஞ்சது?"

மாஸ்டர் மிஷினை நிறுத்தினார். ஒரு சாக்கு விலகி வெளிச்சம் வந்தது. மாஸ்டர் கையை நீட்டி என்னைக் காட்டினார். கூட்டம் மொத்தமும் திரும்பியது. என் கால்கள் தோட்டத்தை நோக்கி மனதுக்குள் நடக்க ஆரம்பித்துவிட்டன.

"நிறுத்தாதீங்க."

சொன்னது சம்பந்தியம்மா. எழுந்து திரைக்கு அருகில் போய், துணியைக் கையால் தொட்டார்.

"இவன் அப்பாவுக்குக் கிழவனாகக் குடுத்து வைக்கல. இருபத்தெட்டு வயசுல காய்ச்சல்ல போய்ட்டாரு. இவன் அவரு சாடை. ஒவ்வொரு வருசமும் இவனுக்கு வயசு ஏற ஏற எனக்குப் பயம். இவன் மட்டும் அந்த வயசைத் தாண்டணும்னு வேண்டாத சாமி இல்ல." கூட்டத்தின் பக்கம் திரும்பினார். "இப்பப் பாத்துட்டேன். என் மவன் கிழவனாகிட்டான். பக்கத்துலேயே அவளும் இருந்தா, பாத்தீங்கல்ல. ரெண்டு பேரும் சேந்தே கிழமாயிருக்காங்க. மறுபடி ஓட்டுங்க தம்பி."

மறுபடி ஓட்டினோம். அதற்குப் பிறகும் ஒரு முறை. மூன்றாவது முறை கூட்டம் சிரித்தது. ஆனால் அது வேறு சிரிப்பு. "ஏய் தனம், உன் பல்லைக் காணோமே!" என்றது ஒரு குரல். தனபாக்கியமே அழுகையோடு சிரித்துவிட்டாள். நடராஜன், "பரவால்ல, முடி கொட்டல" என்றார்.

சம்பந்தியம்மா சிரித்ததைக் கண்ட்ராக்டர் அன்றுதான் முதல்முறையாகப் பார்த்தார். உடனே அவருக்கும் எல்லாம் புரிந்துவிட்டது. "சம்பந்தி, சும்மா ஒரு படம் காட்டினா நமக்கு மரியாதையா? ஆயுசப் படமா எடுத்துக் காட்டணும்னுதான் நம்ம ஏற்பாடு" என்று ஆரம்பித்து, ஒரு சரிகைத் துண்டை வரவழைத்தார்.

துண்டு மாஸ்டர் தோளில் விழுந்தது.

ஐந்து நிமிடத்துக்கு முன்னால் என்னை நோக்கி நீட்டிய அதே கையால் மாஸ்டர் துண்டைச் சரிசெய்துகொண்டு, "இது ஒரு புது முறை. கன காலமா யோசிச்சு வைச்சிருந்தனான்" என்றார்.

விருந்து முடிந்ததும் ஸ்டோருக்குப் பின்னால் கூப்பிட்டார்.

"இப்ப உண்மையைச் சொல்லும். எங்க காயவைச்சனீர்?"

"புகைவீட்டுல மாஸ்டர்."

"நெருப்பு இருந்ததோ?"

"கொஞ்சம்தான். ஆனா பீடி இல்ல மாஸ்டர். பீடியப் பிடுங்கிட்டேன்."

மாஸ்டர் சரிகைத் துண்டோடு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். "தோட்டம் இன்னும் இருக்குதோ?" என்று கேட்டார். இருக்கிறது என்றேன். பிறகுதான் எழுந்தார்.

"உம்மைத் திருப்பி அனுப்ப ஏலாது. அனுப்பினா, நீர் என்ர தொழிலைக் கொஞ்சம் தெரிஞ்சுகொண்டு அங்க போய் ஆரையும் கொளுத்திப் போடுவீர். என்ர கண்ணுக்கு முன்னாலேயே இரும்."

சினிமாத் துறையில் எனக்குக் கிடைத்த நியமனக் கடிதம் அதுதான். முப்பது வருடத்துக்குமேல் இந்தத் துறையில் இருந்தேன். கண்ட்ராக்டர் சினிமாக் கம்பெனி போடவில்லை. பஸ் வாங்கினார்.

மாஸ்டர் எடுத்த மற்றப் படங்களெல்லாம் பூசணம் பிடித்து, எறும்பு தின்று போய்விட்டன. அந்தக் கல்யாணத்தின் நெகட்டிவும் மூன்றாம் வருடம் ஒட்டிப்பிடித்த கட்டியாகிவிட்டது. புகை குடித்த அந்த ஒரு பிரதியை மட்டும் ஒரு பூச்சி தொடவில்லை. போன வருடம் நடராஜனுக்குக் கிள்ளானில் அறுபதாம் கல்யாணம். மகன்கள் அந்தப் பிரதியைத் தேடியெடுத்து ஓட்டினார்கள். திரையில் ஒரு நடராஜன், கீழே நாற்காலியில் ஒரு நடராஜன். பேரப்பிள்ளைகள் இரண்டையும் மாறி மாறிப் பார்த்து, "தாத்தா, இன்னும் கொஞ்சம் பாக்கி இருக்கு!" என்று கத்தினார்கள். என் வீட்டில் கதை வேறு. கண்ணாடியில் யாராவது முகத்தைப் பார்த்து ஒரு கோடு விழுந்துவிட்டது என்று சொன்னால் போதும். "உங்க அப்பா காயவச்ச முகம், அப்படித்தான் இருக்கும்" என்பாள் என் மனைவி. மருமகளும் சொல்லப் பழகிவிட்டாள்.

சிரிக்கட்டும். எனக்கு வருத்தம் அதில் இல்லை. அறுபதாம் கல்யாணத்தன்று படம் ஓடும் முன் திரையில் ஒரு அட்டை காட்டினார்கள். புதிதாக எழுதியது. "படப்பிடிப்பு: செல்லத்துரை மாஸ்டர்" என்று பெரிய எழுத்தில் இருந்தது. அதற்குக் கீழே இடம் காலியாக இருந்தது. மாஸ்டர் நல்லவர், போய்ச் சேர்ந்துவிட்டார், அவரைக் குறை சொல்லவில்லை. ஆனால் நடராஜனின் மகன்களுக்கு இதன்மூலம் தெரிவிக்கிறேன். அடுத்த முறை ஓட்டும்போது அந்தக் காலி இடத்தில் "கழுவி உலர்த்தியவர்: கே. பெருமாள், டெக்னீசியன்" என்று எழுத வேண்டும். காத்தமுத்து பெயரையும் போடலாம், எனக்குக் கீழே. அவர்கள் இளமையை எடுத்தவர் மாஸ்டர். முதுமையை எடுத்தவன் நான்.